பையைப் பார்த்துக்கொண்டவர்

சம்பந்தியம்மாளின் சாவுக்குப் போயிருந்தபோது என் செருப்பு காணாமல் போயிற்று. அவர் உயிரோடு இருந்திருந்தால் போயிருக்காது.

சங்கராபுரத்தைத் தாண்டிச் சிறிது தூரத்தில் அவருடைய ஊர். பந்தலுக்கு வெளியே கழற்றிப் போட்டிருந்த செருப்புகளை எண்ணிவிட்டுத்தான் உள்ளே போனேன். கூட்டுறவு வங்கியில் காசாளராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். கண்ணில் படுவதை எண்ணாமல் இருக்க முடியாது. மாலையைப் போட்டுவிட்டுத் திரும்பி வந்தால் என்னுடைய ஜோடி மட்டும் இல்லை. யாரிடமும் சொல்லவில்லை. வெறுங்காலோடு பஸ் ஏறிக் கள்ளக்குறிச்சிக்கு வந்து சேர்ந்தேன். வழியில் அழுகை வரவில்லை. கால் சுட்டது. அவ்வளவுதான்.

அவர் என் மகனுடைய மாமியார். பெயர் சொல்லி நான் அவரைக் கூப்பிட்டதில்லை. அவருக்கு நான் சம்மந்தி, எனக்கு அவர் சம்மந்தி. ஒல்லியான உடம்பு, வெயிலில் நின்று கறுத்த முகம். மரவள்ளியும் மக்காச்சோளமும் போட்டுக்கொண்டு, ஆள் வைத்தும் தானே இறங்கியும் நிலத்தைப் பார்த்தவர். அந்த நிலத்தில் அவர் பேச்சுக்கு மறுபேச்சு கிடையாது. ஆனால் நாலு பேரோடு வெளியே கிளம்பிவிட்டால் அவர் எடுத்துக்கொள்ளும் வேலை ஒன்றுதான்.

"நீங்க போய்ட்டு வாங்க. நான் பைய பாத்துக்கிறேன்."

யாரும் கேட்பதற்கு முன்பே இது வந்துவிடும். கோயிலுக்குப் போனால் கோபுரத்துக்கு வெளியே செருப்புகளுக்கு நடுவில் உட்கார்ந்துவிடுவார். தியாகதுருகம் கோட்டை மலைக்கு ஒரு முறை எல்லாருமாகப் போனோம். அடிவாரத்திலேயே ஒரு பாறை நிழலைப் பிடித்து, தண்ணீர்ப் பாட்டில்களைச் சுற்றி வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். மேலே ஏறிய நாங்கள் மூச்சு வாங்கிக்கொண்டு கீழே பார்த்தால், அவருடைய பச்சைச் சேலை ஒரு புள்ளியாகத் தெரிந்தது. இடம் மாறவே இல்லை.

வெள்ளிமலைக்குப் போகிற வழியில் உள்ள அருவிக்குப் போனபோதும் அதேதான். நாங்கள் குளிக்க, மாற்றுத் துணிகளோடு ஜீப்பில் இருந்தார். குரங்கு ஒன்று வந்து பிஸ்கட் இருந்த பையைப் பிடித்து இழுத்திருக்கிறது. ஒரு காதை அது இழுக்க, இன்னொரு காதை இவர் விடவில்லை. நாங்கள் ஈரத்தோடு ஓடி வந்தபோது அவர் குரங்கோடு பேசிக்கொண்டிருந்தார்.

"உனக்கு வோணும்னா கேளு, குடுக்கறேன். பைய வுடு. இது என் பை இல்ல, அடுத்தவங்க பை."

குரங்கு விட்டுவிட்டுப் போய்விட்டது. பையின் காது பிய்ந்திருந்தது. பிஸ்கட் பாக்கெட்டுகளை எண்ணிப் பார்த்தேன். குறையவில்லை.

நாங்கள் திரும்பி வந்ததும் அவர் கேட்கிற கேள்விகள் மூன்று. "உள்ள காத்து வருதா? தண்ணி இருக்குதா? உக்கார எடம் இருக்குதா?" சொல்லச் சொல்ல, கண்ணை ஒரு பக்கமாக வைத்துக் கேட்பார். பிறகு ஊருக்குப் போய்ப் பக்கத்து நிலத்துக்காரர்களிடம் தானே பார்த்ததுபோல் சொல்வார். அவர் உள்ளே கால் வைக்காத ஒரு கோயிலின் தெப்பக்குளத்தை என்னிடமே ஒரு நாள் விவரித்தார். படித்துறையில் வழுக்கும், பார்த்து இறங்கவேண்டும் என்று எச்சரித்தார். அங்கே வழுக்கி விழுந்து எழுந்து வந்து அவரிடம் சொன்னதே நான்தான்.

இந்தப் பழக்கம் எங்கிருந்து வந்தது என்று சொல்ல, என் மகன் கல்யாணத்தைச் சொல்லவேண்டும். அவருக்கு இரண்டும் பெண்கள். சின்னவள் கைக்குழந்தையாக இருக்கும்போது கணவர் போய்விட்டார். மூத்தவளை என் மகனுக்குக் கட்டினோம். முகூர்த்தத்துக்கு முன்னால் எல்லாரும் மேடைப் பக்கம் திரண்டபோது, பெண்ணைப் பெற்றவரைக் காணோம். மண்டபத்தின் பின்பக்கம் சீர்வரிசையும் பைகளும் வைத்திருந்த அறையில், சாவியை முந்தானையில் முடிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார். தாரை வார்க்கும்போது அவருடைய கொழுந்தனாரும் அவர் மனைவியும் மேடையில் நின்றார்கள். புருஷன் இல்லாதவர் மணவறைக்கு வரக் கூடாது என்று அன்றைக்கு யாரும் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய தேவையே வரவில்லை. அறைக்கு ஒரு ஆள் வேண்டும், அவர் இருக்கிறார். எல்லாருக்கும் வசதியாக இருந்தது. எல்லாரும் சாப்பிட்டு முடித்து, பாயசம் தீர்ந்து, ரசம் மட்டும் மிஞ்சியிருந்த கடைசிப் பந்தியில் அவர் சாப்பிட்டார்.

நான் முன்வரிசையில் என் மனைவியோடு உட்கார்ந்திருந்தேன்.

பிறகு என் மனைவி இறந்துபோனாள். அமெரிக்காவில் வேலை பார்க்கும் மகன், அதற்கு முன்பே எங்கள் இருவரையும் பெரு நாட்டுக்கு அழைத்துப்போக ஏற்பாடு செய்திருந்தான். டிவியில் அந்த மலைகளைப் பார்த்து ஆசைப்பட்டவள் அவள்தான். எனக்கு மலை என்றால் முழங்கால் வலிதான் ஞாபகம் வரும். அவள் இடம் காலியாக இருந்தது. அந்த இடத்தில் மருமகள் தன் அம்மாவைச் சேர்த்தாள். "வாங்க மாமா, வூட்ல தனியா உக்காந்துக்கினு இன்னா பண்ணப் போறீங்க?" என்றாள். போனேன். வரமாட்டேன் என்று சொல்ல ஒரு காரணம் தேடவேண்டும். அதற்கும் மனம் வரவில்லை.

விமானத்திலும் வேனிலும் எனக்கும் சம்பந்தியம்மாளுக்கும் நடுவில் ஒரு பை இருந்தது. சம்பந்திகள் தோளோடு தோள் உரச உட்காருவது நன்றாக இருக்காது என்று அவரே அதை வைத்தார். வேனில் போகும்போது அந்தப் பையில் புளிசாதம் இருந்தது. விடுதி அறையில் குக்கர் வைத்துச் சமைத்தது. அந்த ஊர்ச் சாப்பாடு எனக்கு இறங்கவில்லை.

குஸ்கோ என்ற ஊரில் தங்கினோம். காற்று கம்மி. கட்டிலில் இருந்து எழுந்தாலே மூச்சு வாங்கியது. மாத்திரைகளை எண்ணி எண்ணி வைத்துக்கொண்டேன். சுற்றிலும் மலைகள். உயரமாக இருந்தன. உச்சியில் பனி இருந்தது. என் மனைவி இருந்திருந்தால் ஏதாவது சொல்லியிருப்பாள் என்று நினைத்தேன். என்ன சொல்லியிருப்பாள் என்பது வரவில்லை.

சம்பந்தியம்மாள்தான் சொன்னார்: "நம்ம கல்வராயன் மலைய எவனோ காத்தடிச்சி ஊதி வுட்ட மாதிரி இருக்குது சம்மந்தி."

ஒரு நாள் காலையில் வேன் வைத்து, வழிகாட்டிப் பெண் ஒருத்தியோடு, பிசாக் என்ற இடத்துக்குப் போனோம். இன்கா அரசர்கள் காலத்து இடிபாடுகள். மதியத்துக்குள் முடிந்துவிடும் சுற்றுலா என்றார்கள். வேன் வளைந்து வளைந்து ஏறியது. முன்னால் மகனும் வழிகாட்டியும் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டு வந்தார்கள். எங்களுக்கு முந்தைய இருக்கையில் இருந்த மருமகள் அம்மாவைத் திரும்பிப் பார்த்து ஆரம்பித்தாள். அவள் அம்மாவை இவ்வளவு தூரம் அழைத்துவந்ததன் காரணம் அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. வருகிற தையில் சின்னவளுக்குக் கல்யாணம் நிச்சயம் ஆகியிருந்தது.

"தாரை வாக்கறப்ப நீதான் தண்ணி ஊத்தணும். சித்தி ஊத்தக் கூடாது. தங்கச்சி ஒரே புடியா நிக்கறா."

"சும்மா வா. மலைய பாரு."

"பையன் வூட்ல கேட்டாச்சும்மா. அவங்களுக்கு ஒண்ணும் இல்ல. உங்க இஷ்டம்னுட்டாங்க."

"உன் கல்யாணத்துல வராதவ, அவ கல்யாணத்துல வந்து நிக்கறதா? உனக்குச் செய்யாதத அவளுக்குச் செஞ்சா உனக்குக் கொறையா இருக்காதா?"

"எனக்குக் கொறை இருக்குது. அதனாலதான் சொல்றேன்."

சம்பந்தியம்மாள் வெளியே பார்த்தார். நான் மாத்திரை டப்பாவைத் திறந்து எண்ணத் தொடங்கினேன். காலையில்தான் எண்ணியிருந்தேன்.

வேன் மேலே போய் நின்றது. அதற்கு மேல் நடக்கவேண்டும். அவர் பைகளைத் தன் பக்கம் இழுத்து வைத்துக்கொண்டார்.

"நீங்க போய்ட்டு வாங்க. நான் பைய பாத்துக்கிறேன்."

ஓட்டுநர் திரும்பிப் பார்த்தார். பைகளைக் காட்டினார். தன் கண்ணைத் தொட்டார், பிறகு மார்பைத் தொட்டார். பாஷை தெரியாவிட்டாலும் எங்கள் எல்லாருக்கும் புரிந்தது.

"பாத்தியா? இங்க அந்த வேலைக்கு ஆளு இருக்குது. எறங்கு," என்றாள் மருமகள்.

"அந்த ஆளா? தொப்பிய மூஞ்சில கவுத்துக்கினு தூங்கிடுவான்."

"தூங்கட்டும். உள்ள இன்னா தங்கமா வெச்சிக்கினு இருக்கற? ஸ்வெட்டரு, புளிசாதம்."

"புளிசாதம் போச்சுன்னா உங்க மாமா இன்னா சாப்புடுவாரு?"

"அத்தை, பாஸ்போர்ட்டு எல்லாம் என்கிட்ட இருக்குது. வாங்க," என்றான் மகன்.

கையில் ஒன்றும் இல்லாமல் அவர் இறங்கியதை அன்றுதான் பார்த்தேன். கைகளை எங்கே வைப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. முந்தானையைப் பிடித்தார், விட்டார், பின்னால் கட்டினார். யாரோ அவரிடமிருந்து எதையோ பறித்துக்கொண்டதுபோல் வேனைத் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே நடந்தார்.

மலைச்சரிவு முழுக்கப் படிப்படியாக வெட்டி, கல் அடுக்கி, வயலாக்கியிருந்தார்கள். மேலே கல் வீடுகள், கூரை இல்லாமல். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் சுண்ணாம்பு இல்லை, மண் இல்லை, கத்தி கூட நுழையாது என்று வழிகாட்டி சொன்னாள். குட்டையான பெண், அகலத் தொப்பி. சம்பந்தியம்மாள் ஒரு வயலின் விளிம்பில் குனிந்து மண்ணைக் கிள்ளிப் பார்த்துவிட்டுக் கையைச் சேலையில் துடைத்துக்கொண்டார். பள்ளத்தாக்குக்கு எதிரே செங்குத்தாக ஒரு பாறை. அதில் நிறைய பொந்துகள். அவை எல்லாம் கல்லறைகள் என்றாள். இறந்தவர்களைக் குழந்தைபோல் முழங்காலை மடக்கி உட்கார வைத்து அடைத்தார்களாம். பிறகு திருடர்கள் வந்து எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்களாம். மருமகள் அம்மாவுக்குத் தமிழில் சொன்னாள்.

நான் பொந்துகளை எண்ணினேன். நூறு தாண்டியதும் மேகம் வந்து பாறையை மறைத்துவிட்டது. விட்ட இடம் தெரியவில்லை.

நடைபாதை முடிகிற இடத்தில் வழிகாட்டி நின்றாள். தோள்பையில் இருந்து சில இலைகளை எடுத்தாள். அவர்கள் டீ போட்டுக் குடிக்கிற இலை. மூன்று இலைகளைச் சேர்த்துப் பிடித்து, மலையைப் பார்த்து ஊதி, பூமிக்கு என்று கல்லுக்கு அடியில் வைக்கவேண்டும், நல்லபடியாக ஊர் போய்ச் சேரலாம் என்றாள். முதலில் குடும்பத்தின் மூத்த பெண் வைக்கவேண்டும் என்று சொல்லி, இலைகளைச் சம்பந்தியம்மாளிடம் நீட்டினாள்.

மருமகள் அதை அம்மாவுக்குச் சொல்லி முடிப்பதற்குள் அவர் பின்வாங்கிவிட்டார்.

"நீ வைம்மா. நீதான் வெக்கணும்."

"உனக்குத்தான் குடுக்கறாங்க."

"அவங்களுக்கு இன்னா தெரியும்?"

"தெரியாம இருக்கறதே நல்லது. வாங்கு."

வழிகாட்டி நீட்டிய கையை மடக்கவும் இல்லை, மேலும் நீட்டவும் இல்லை. தப்பாக ஏதும் செய்துவிட்டோமா என்று எங்கள் முகங்களைப் பார்த்தாள். சம்பந்தியம்மாள் மகளைப் பார்க்கவில்லை, மருமகனைப் பார்க்கவில்லை. என்னைப் பார்த்தார். மாப்பிள்ளையைப் பெற்றவன், வயதில் மூத்தவன். எதற்காகப் பார்க்கிறார் என்று அப்போது நான் யோசிக்கவில்லை. எனக்கு மேகத்தின் மேல்தான் கண். இறங்கும் வழியில் பிடித்துக்கொள்ளக் கம்பி கிடையாது. கல்லெல்லாம் நனைந்தால் என்ன ஆவது?

"சீக்கிரம் வைங்க சம்மந்தி, மழை வருது," என்றேன்.

அவர் இலைகளை வாங்கினார். ஊதவில்லை. நேராகக் குனிந்து, ஒரு கல்லைத் தூக்கி, அதன் அடியில் வைத்து, கல்லைப் பழையபடி சரியாகப் பொருத்தினார். காற்றுக்குப் பறக்குமா என்று தட்டிப் பார்த்தார். மருமகள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். மழை வந்துவிட்டது.

வேனில் ஓட்டுநர் தொப்பியை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தார். பைகளை எண்ணினேன்.

"தூங்கிக்கினுதான் இருந்திருக்கறான்," என்றார் சம்பந்தியம்மாள். புளிசாதப் பையைத் திறந்து பார்த்துவிட்டு, "ஆனா ஒண்ணும் போவல," என்றார்.

தையில் கள்ளக்குறிச்சியில் சின்னவள் கல்யாணம். முகூர்த்தத்துக்குச் சிறிது நேரம் இருந்தது. முன்வரிசையில் உட்கார்ந்திருந்தேன். என் பக்கத்து நாற்காலி காலியாக இருந்தது. யார் யாரோ வந்து அதில் கைக்குட்டை போட்டார்கள், எடுத்தார்கள். மருமகள் மேடையிலிருந்து இறங்கி நேராக என்னிடம் வந்தாள்.

"மாமா, அம்மா மறுபடியும் ரூமுக்குள்ள போயி உக்காந்துக்கினாங்க. தங்கச்சி அழுதுக்கினு இருக்குறா. சித்தி சொம்பத் தொட்டா எழுந்து போய்டுவேங்கறா. நீங்க வந்து சொல்லுங்க."

"நான் இன்னா சொல்றது?"

"அன்னைக்கு மலையில நீங்க சொல்லித்தான வெச்சாங்க? சம்மந்தியே வைன்னுட்டாருன்னு ஊரெல்லாம் சொல்லிக்கினு இருக்காங்க."

"நான் மழை வருதுன்னுதான் சொன்னேன்."

"அதையாவது வந்து சொல்லுங்க மாமா."

போனேன். பின்பக்கத்து அறை. தேங்காய் மூட்டை, பழத் தார், சீர்ப் பாத்திரங்கள், உறவுக்காரர்களின் பைகள். நடுவில் ஒரு ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தார். புதுப் பட்டுச் சேலை. மகள் எடுத்துக் கொடுத்ததாக இருக்கும். மடிப்புக் கூடக் கலையவில்லை.

"வாங்க சம்மந்தி. மாத்திரை போடணுமா? தண்ணி தரவா?"

"தண்ணி ஊத்த உங்களத்தான் கூப்புடறாங்க. எழுந்திரிங்க."

"அது சரியா வராதுங்க. அங்க ஊரு தெரியாத எடம். ஒரு எலைய வெச்சேன். இங்க நாலு பேரு பாப்பாங்க."

"நாலு பேரு இல்ல. நானூறு பேருக்கு மேல இருக்குது. நாற்காலிய எண்ணிட்டேன்."

அவருக்குச் சிரிப்பு வந்தது. உடனே அடக்கிக்கொண்டார். பக்கத்தில் இருந்த ஒரு பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

"நான் வந்துட்டா இத யாரு பாத்துக்கறது?"

"நான் பாத்துக்கிறேன்."

"நீங்களா? நீங்க சபையில முன்னால உக்கார்ற ஆளு."

"எனக்கும் வூட்ல ஆளு இல்ல சம்மந்தி," என்றேன். "நான் முன்னால போயி உக்காந்தேன். யாரும் ஒண்ணும் சொல்லல. நீங்க இங்க வந்து உக்காந்தீங்க. அதுக்கும் யாரும் ஒண்ணும் சொல்லல. இன்னைக்கு மாத்தி உக்காருவோம். சீக்கிரம், நேரமாவுது."

அவர் என்னைப் பார்த்தார். மலையில் பார்த்த அதே பார்வை. இந்த முறை எனக்கு வானத்தைப் பார்க்க வழி இல்லை. மடியில் இருந்த பையைக் கீழே வைத்தார். முந்தானை முடிச்சை அவிழ்த்தார். அவிழ வெகுநேரம் ஆயிற்று. சாவியை என் உள்ளங்கையில் வைத்தார். கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் முன்னாலும் பின்னாலும் மாற்றிக்கொண்டு நடந்து போனார்.

ஸ்டூலில் உட்கார்ந்தேன். அந்த அறையில் இருந்து மணவறை தெரியாது. எட்டிப் பார்த்தாலும் தெரியாது. எதிரே ஒரு சுவர், அதில் போன வருடத்துக் காலண்டர். புகை வாசனை வரும். ஐயர் சொல்வது பாதி கேட்கும். பேச்சுச் சத்தம் திடீரென்று அடங்கியது. எதற்காக அடங்குகிறது என்று இங்கிருந்து சொல்ல முடியாது. நல்லதாகவும் இருக்கலாம், கெட்டதாகவும் இருக்கலாம். என் மகன் கல்யாணத்தில் இவர் இப்படித்தான் கேட்டுக்கொண்டு இருந்திருப்பார். பைகளை எண்ணினேன். கெட்டிமேளம் கேட்டது. எழுந்து நின்றேன். ஆள் இல்லாத அறையில் எதற்கு எழுந்தேன் என்று தெரியவில்லை. எண்ணிக்கை விட்டுப்போயிற்று. மறுபடியும் முதலில் இருந்து எண்ணினேன்.

அவர் வந்து வாசலில் நின்றார். பட்டுச் சேலையின் முன்பக்கம் நனைந்திருந்தது. தலையில் இரண்டு மூன்று அட்சதை அரிசி.

"எல்லாம் இருக்குதா சம்மந்தி?"

"இருக்குது. எண்ணிட்டேன்."

அதற்கு மேல் என்ன கேட்பது என்று எனக்குத் தெரியவில்லை. பிறகு நினைவு வந்தது.

"அங்க காத்து வருதா?"

அவர் யோசித்தார். "இல்லைங்க. வெளக்கு அணைஞ்சிடும்னு ஃபேன நிறுத்திட்டாங்க. உக்கார எடமும் இல்ல. நின்னுக்கினேதான் இருந்தேன்."

"தண்ணி?"

"தண்ணி ஜாஸ்தியா ஊத்திட்டேன். மாப்ள சட்டையெல்லாம் நனைஞ்சி போச்சி."

சாவியை நீட்டினேன். அவர் கையை நீட்டவில்லை. பந்திப் பக்கம் திரும்பிப் பார்த்தார். இலை போடுகிற சத்தம் கேட்டது.

"நீங்களே வெச்சிக்கினு இருங்க சம்மந்தி," என்றார். "நான் சாப்புட்டு வந்துடறேன்."

முதல் பந்திக்குப் போனார்.